சுவரில் சிரித்த அப்பா

"இந்த ஆள் யாருன்னு தெரியாம படத்தை ஓட்ட முடியாது சார்," என்றார் கண்காட்சிக் கூடத்தின் மேலாளர் அம்மாள். "அவராவது, அவர் குடும்பமாவது கையெழுத்துப் போடணும்."

கத்தரிக்குத் தலை சுற்றியது. பழைய சாமான் கடைகளில் படச்சுருள்களைப் பொறுக்கி, வெட்டி, ஒட்டி, கலை என்று சுவரில் ஓடவிடுவது அவர் தொழில். 'கத்தரி' என்ற பட்டப்பெயர் வந்ததும் அதனால்தான். கண்காட்சிக்கு ஆறே நாள். இரண்டு வருட உழைப்பின் உயிரே அந்தப் பதினோரு விநாடிதான்: ஓர் இளைஞன் குழந்தையைத் தூக்கிப் போட்டுப் பிடித்துச் சிரிக்கிறான்.

"பேப்பர்ல போட்டோ போடுங்களேன்," என்றாள் மனைவி.

போட்டார். மறுநாளே ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் வந்தார். படம் ஓடியதும் விம்மினார். "எங்கப்பா! அந்தக் குழந்தை நான்தான்."

கையெழுத்தும் ஆயிற்று. கத்தரி மூச்சை முழுதாக விடுவதற்குள் மருந்துக் கடைக்காரர் ஒருவர் நுழைந்தார்.

"எங்கப்பாவை எங்க சார் புடிச்சீங்க? காதைப் பாருங்க, அப்படியே என் காது!"

"உங்கப்பாவா?" ஆசிரியையின் குரல் ஏறியது. "அப்ப எங்கப்பாவுக்கு இன்னொரு குடும்பமா?"

"அதை நான் கேக்கணும்!"

விஷயம் வீட்டுக்குப் போனது. "முகம் இருந்தாத்தானே வம்பு? வெட்டிடுங்க," என்றாள் மனைவி.

முகம் தெரிந்த இடங்களையெல்லாம் வெட்டினார். முதுகும் இரண்டு கைகளும் மிஞ்சின. மேலாளர் விடவில்லை. "இதுக்கும் யாருக்கும் ஆட்சேபணை இல்லையான்னு பேப்பர்ல கேட்டுடுங்க."

முகத்துக்கு இரண்டு குடும்பம் வந்தது. முதுகுக்கு ஒன்பது வந்தது.

"முதுகை வெச்சு எப்படிங்க கண்டுபிடிச்சீங்க?" என்று ஒருவரிடம் கேட்டே விட்டார் கத்தரி.

"எங்கப்பாகிட்ட நான் அதிகம் பார்த்ததே அதைத்தானே சார்."

கண்காட்சிக்கு முந்தின நாள், பதினோரு குடும்பத்தையும் கூடத்துக்கு அழைத்தார் கத்தரி. வெட்டியதைத் திரும்ப ஒட்டியிருந்தார். "நீங்களே பார்த்து, உங்களுக்குள்ள முடிவு பண்ணிக்குங்க," என்று விளக்கை அணைத்தார். கைகலப்பு வந்தால் ஓடுவதற்கு வசதியாகக் கதவோரமாக நின்றார்.

குழந்தை மேலே போனது, கீழே வந்தது. திரும்பத் திரும்ப. சண்டையே வரவில்லை. யாரோ மூக்கைச் சிந்தினார்கள். ஆசிரியை தன் கைக்குட்டையை மருந்துக் கடைக்காரரிடம் நீட்டினார். "அழாதே தம்பி."

"சரிக்கா."

பதினோரு குடும்பமும் ஒரே தாளில் கையெழுத்திட்டது. மேலாளரே கண்ணைத் துடைத்துக்கொண்டார். கலையின் சக்தி என்றால் இதுதான் என்று கத்தரிக்கு நெஞ்சு விம்மியது. நாளைக்குப் பேச வேண்டிய உரையின் முதல் வரிகூட மனதில் ஓடிற்று.

நாற்காலிகளை மடக்கி வைக்க உள்ளே வந்த கிழட்டு வாட்ச்மேன் சுவரில் இன்னும் ஓடிக்கொண்டிருந்த படத்தைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார்.

"அட, பால் பவுடர் விளம்பரத்துக்கு என்னை வெச்சு எடுத்தது சார் இது! குழந்தைகூட கம்பெனிக்காரங்களோடது, எனக்கு இன்னும் கல்யாணமே ஆகலை."