பக்க எண் வேண்டாம் என்ற கமாண்டர்

உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டிலிருந்து அதன் நேர் எதிரில் இருக்கும் கடைக்கு வர ஏழு வழி உண்டு என்று கண்டுபிடித்த மனிதர் உலகத்திலேயே ஒருவர்தான். சாலையைக் கடந்தால் போதும், என் டைப்பிங் கடை. கமாண்டரோ ஒரு நாள் குளக்கரையைச் சுற்றி வருவார், மறுநாள் பேரூராட்சிக்கே தெரியாத சந்து வழியாக வருவார். வந்ததும் சுவரில் முதுகை ஒட்டி, வாசலைப் பார்த்து உட்காருவார். அவர் வியர்வை காய்வதற்குள் நான் வாங்கி வைத்த டீ ஆறிவிடும்.

இலங்கைப் போரில் காட்டுக்குள் ஒரு படையை நடத்தியவர். வயதான பிறகு எங்கள் ஊரில் வாடகைக்கு வீடு பிடித்து, புத்தகம் எழுதிக்கொண்டிருந்தார். பெயர் கேட்டால், "எந்தப் பேர்?" என்பார். ஊரே கமாண்டர் என்று வைத்துவிட்டது.

அவர் சொல்லச் சொல்ல நான் டைப் அடிப்பேன். பக்க எண் மட்டும் போடக் கூடாது.

"ஏன் சார்?"

"பிடிபட்டால் எதிரிக்கு வரிசை விளங்கக் கூடாது, தம்பி."

"இன்னா சார் நீங்க! இங்க டவுன் பஸ்ஸே ஒழுங்கா வர மாட்டேங்குது, எதிரி எங்க வரப்போறான்?"

சிரிக்க மாட்டார். அத்தியாயம் முடிந்ததும் ஒரே ஒரு பிரிண்ட். கம்ப்யூட்டரில் இருப்பதை அவர் கண் முன்னாலேயே அழித்துவிட வேண்டும். தாள்களை ஊர் முழுக்கப் பிரித்துக் கொடுத்துவைப்பார். தையல்காரரிடம் கொஞ்சம், மருந்துக் கடையில் கொஞ்சம், கடைசி அத்தியாயம் டீக்கடை முனுசாமியிடம். ஒருவரிடம் இருப்பது இன்னொருவருக்குத் தெரியாது.

சென்னைப் பதிப்பாளர் திங்கட்கிழமைக்குள் புத்தகம் கைக்கு வர வேண்டும் என்றார். எல்லாரும் பத்திரமாகத் திருப்பிக் கொடுத்தார்கள். முனுசாமிதான் தலையைச் சொறிந்தான்.

"கோச்சுக்காத சார். பின்பக்கம் வெள்ளையா இருந்திச்சா, வூட்டுக்காரி பழைய பேப்பர்னு நெனச்சிக்கினு போண்டா மடிச்சிக் குடுத்துட்டா."

கமாண்டர் கத்துவார் என்று நினைத்தேன். அவர் பெஞ்சில் உட்கார்ந்தார். தெருவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தார்.

அவர் உத்தரவின் பேரில் ஆற்றைக் கடந்து போய்த் திரும்பாத ஒன்பது பேரின் சொந்தப் பெயர்கள் அந்தத் தாள்களில்தான் இருந்தன. அத்தனை வருடமும் யாரிடமும் சொல்லாத பெயர்கள்.

"எழுதினாப் பிறகுதான் எனக்கு நித்திரை வந்தது, தம்பி. இனி மறக்கலாம் எண்டு இருந்திட்டன்." விரல் விட்டு எண்ணினார். "எட்டுத்தான் வருது."

எழுந்தார், நடந்தார், பஸ் ஸ்டாண்டை ஒரு சுற்றுச் சுற்றி வந்து மறுபடி எண்ணினார். எட்டுதான்.

அவர் கையைப் பிடித்துக் கடைக்கு இழுத்துக்கொண்டு ஓடினேன். அவர் கண் முன்னால் நான் அழித்தது உண்மை. அழித்ததெல்லாம் கம்ப்யூட்டரின் குப்பைத்தொட்டிக்குத்தான் போகும், அதைத் தனியாகக் காலி செய்ய வேண்டும் என்பது அவருக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். ஆனால் பிறவிச் சோம்பேறி, செய்யவில்லை.

திரையில் ஒன்பது பெயரும் வந்தன. ஏழாவது பெயர்மேல் விரலை வைத்தவர் எடுக்கவே இல்லை.

"குப்பைக்குள்ளயோ வச்சிருந்தனி, என்ட பெடியளை?"

"மன்னிச்சிக்கோங்க சார்."

"உத்தரவை மீறினவனுக்கு எங்கட இடத்தில என்ன தண்டனை தெரியுமோ?" என்றவர் மூக்கை உறிஞ்சினார். "பக்க எண் போடு, தம்பி. ஒண்டில இருந்து போடு."

அன்று அவர் எந்தச் சந்திலும் நுழையாமல், நேராகச் சாலையைக் கடந்து போனார். ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. அவர் பின்னால் யாராவது வருகிறார்களா என்று, நான்தான் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.