எங்கள் வீட்டுக்கு மொத்தம் எவ்வளவு ஆனது என்று கேட்டிருந்தீர்கள்

காரைக்கால்,
19-8-1984

பேரன்புள்ள மச்சான் சட்டநாதன் அவர்களுக்கு,

நெரவி கால்நடை மருத்துவமனைக் கம்பவுண்டரும் தங்கள் தங்கையின் கணவனுமாகிய குஞ்சிதபாதம் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் பங்கஜவல்லியும் அம்மையார் அருளால் சுகம். அங்கே ரயில்வே குவார்ட்டர்ஸில் தாங்கள் சுகமாகவும் தங்கள் மூட்டுவலி சுகமில்லாமலும் இருக்க வேண்டுகிறோம். மாங்கனித் திருவிழாவுக்கு வருவீர்கள் என்று எதிர்பார்த்து, வராமற்போகவே, தங்களுக்கென்று எடுத்து வைத்த பழங்களை நாங்களே சாப்பிட்டுவிட்டோம் என்பதையும் தெரிவித்துக்கொள்கிறேன்.

தாங்கள் எழுதிய கார்டு கிடைத்தது. ரிடையர் ஆக இன்னும் நாலு வருஷம்தான் இருக்கிறது, குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டிவரும், எனவே கடன் வாங்கித் திருச்சியிலேயே சின்னதாக ஒரு வீடு கட்டலாமா, உங்கள் வீட்டுக்கு மொத்தம் எவ்வளவு ஆனது என்று கேட்டு, ஒரு கார்டில் பதில் போட்டால் போதும் என்றும் எழுதியிருந்தீர்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். கார்டை வாங்கி விலாசம்கூட எழுதிவிட்டேன். நாற்பதாயிரம் என்று எழுத வேண்டியதுதான் பாக்கி. அது நடந்து பன்னிரண்டு நாளாகிறது. அந்தக் கார்டு மேஜைமேல் அப்படியே கிடக்கிறது, நான் இந்தத் தாளில் எழுதிக்கொண்டிருக்கிறேன்.

நடந்தது என்னவென்றால், வெறும் நாற்பதாயிரம் என்று எழுதினால் தாங்கள் பாக்கி எவ்வளவு என்று அடுத்த கார்டில் கேட்பீர்கள், அதையும் சேர்த்து எழுதிவிடலாமே என்று எனக்குத் தோன்றியது. எழுபத்தொன்பதாம் வருஷம் ஆகஸ்டில் வீடு கட்டும் சங்கத்தில் பத்திரத்தை அடமானம் வைத்து நாற்பதாயிரம் வாங்கினேன். மாதம் நானூற்றுப் பதின்மூன்று ரூபாய், இருபது வருஷம். பங்கஜம் தையல் டீச்சர் சம்பளத்தில் பாதியும் என் சம்பளத்தில் கால்வாசியுமாக ஒரு மாதம்கூடத் தவறாமல் ஐந்து வருஷம், அதாவது அறுபது தவணை, கட்டியாயிற்று. அறுபதை நானூற்றுப் பதின்மூன்றால் பெருக்கினால் இருபத்துநாலாயிரத்து எழுநூற்று எண்பது. நாற்பதாயிரத்தில் அதைக் கழித்தால் பதினைந்தாயிரத்து இருநூற்று இருபது பாக்கி. வட்டியென்று ஒன்று இருப்பது எனக்கும் தெரியும், மச்சான். அதற்காகப் பெரிய மனசோடு ஒரு இரண்டாயிரம் சேர்த்துக்கொண்டேன். ஆக, பதினேழாயிரம். விழிதியூரில் எங்கள் பங்காளிகளோடு பொதுவில் கிடந்த நிலம் விற்று என் பங்காக எட்டாயிரம் வந்திருக்கிறது, தங்களுக்குத் தெரியும். அதில் தரைக்கு மொசைக் போடலாமென்றுகூட முடிவு செய்திருந்தோம். கடன்தான் தீரப்போகிறதே!

சங்கத்துக்குப் போனேன். அங்கே கிளார்க் செல்லையன் என்று ஒருவர் இருக்கிறார், நல்ல மனிதர், அவர் வீட்டு ஆட்டுக்கு நான்தான் குடற்புழு மருந்து கொடுத்தேன். பேரேட்டைப் புரட்டினார், விரலை ஓட்டினார், "முப்பத்தாறாயிரத்து முந்நூத்திப் பதினாறு சார்" என்றார்.

"செல்லையன், அது வேற யாரோ கணக்கு. வேற குஞ்சிதபாதம் இருக்காரான்னு பாருங்க" என்றேன்.

"சங்கத்துலயே ஒரே குஞ்சிதபாதம் நீங்கதான் சார்."

"நான் இருபத்துநாலாயிரத்துக்கு மேல கட்டியிருக்கேன்யா!"

"ஆமா சார், கட்டியிருக்கீங்க. ஒரு நாள்கூடத் தள்ளாம கட்டியிருக்கீங்க. அதுல மூவாயிரத்து அறுநூத்தி எண்பத்துநாலு அசலுக்குப் போச்சு. மிச்சமெல்லாம் வட்டிக்குப் போச்சு. முதல் மாசம் பாருங்க, நானூத்திப் பதிமூணுல முந்நூத்தி அறுபத்தாறு ரூவா அறுபத்தேழு காசு வட்டி. நாப்பத்தாறு ரூவாதான் கடன்ல கழிஞ்சுது. போகப்போகத்தான் சார் அசல்ல கூடுதலாக் கழியும்."

போகப்போக என்றால் எவ்வளவு தூரம் போக என்று நான் கேட்கவில்லை. சைக்கிளை எடுத்துக்கொண்டு நேரே நெரவிக்குப் போய்விட்டேன். மருத்துவமனையில் ஒரு பசுமாட்டுக்குக் கொட்டாங்கச்சியில் மருந்து புகட்ட வேண்டியிருந்தது. நூறு மில்லி ஊற்றினால் பதினைந்து மில்லிதான் அதன் தொண்டைக்குள் போனது, பாக்கி எண்பத்தைந்தும் என் சட்டையில். அப்போதுதான், மச்சான், எனக்குக் கொஞ்சம் விளங்கியது. இந்த ஐந்து வருஷமாக நான் செய்துவந்ததும் இதேதான். மாடு தேறவில்லை, யாருடைய சட்டையோ நல்ல ஆரோக்கியமாக இருக்கிறது.

வீட்டுக்கு வந்து பங்கஜத்திடம் சொன்னேன். அவள் அழுவாளோ கத்துவாளோ என்று பயந்துகொண்டிருக்க, அவள் தையல் டேப்பை எடுத்துக்கொண்டு வந்து, "அப்ப இந்த வீட்டுல நம்மளுது எம்மாம்?" என்று கேட்டாள். நல்ல கேள்வியாகப் பட்டது. வீடு அறுநூறு சதுர அடி. நாற்பதாயிரத்துக்கு மூவாயிரத்து அறுநூற்று எண்பத்துநாலு என்றால் அறுநூறுக்கு எவ்வளவு என்று முக்கால் மணி நேரம் கணக்குப் போட்டதில் ஐம்பத்தைந்து சதுர அடி சொச்சம் வந்தது. டேப்பைப் பிடித்து வீடு முழுதும் அளந்தோம். அடுப்படி எட்டுக்கு ஏழு, ஐம்பத்தாறு. ஆக, அடுப்படி நம்முடையது. மற்றதெல்லாம் சங்கத்தினுடையது. அன்று ராத்திரிச் சாப்பாட்டை நாங்கள் அடுப்படியிலேயே சாப்பிட்டோம். கூடத்தில் உட்காரக் கூச்சமாக இருந்தது.

மறுநாள் பக்கத்து வீட்டு முசியே மொரீஸ் வந்தார். தாங்கள் அவரைப் பார்த்திருக்கிறீர்கள், பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு வந்தவர், பென்ஷன் பிரான்சிலிருந்து வருகிறது, கணக்கென்றால் காலண்டரைக் கிழித்துப் பின்பக்கத்தில் போட்டுப் பார்க்காமல் விடமாட்டார். "தம்பி, இதுவரைக்கும் கட்டுனத விடு. இருபது வருஷமும் கட்டி முடிச்சா மொத்தம் என்னாகுது, அதப் பாரு" என்று சொல்லி நானூற்றுப் பதின்மூன்றை இருநூற்று நாற்பதால் பெருக்கினார். விடை வந்ததும் அவர் முகம் மாறிவிட்டது. தமிழில் சொல்ல மனம் வராமல் பிரெஞ்சில் என்னவோ சொன்னார். எனக்குப் புரியவில்லை. என்ன சொன்னீர்கள் என்று கேட்டேன்.

"கத்ர வேன் திஸ் நெஃப் மில்" என்றார். "நாலு இருபது, ஒரு பத்து, ஒரு ஒம்போது. அத்தனை ஆயிரம்."

பிரெஞ்சுக்காரர்களுக்குத் தொண்ணூற்று ஒன்பது என்று நேராகச் சொல்ல வராதாம், மச்சான். நாலு இருபதை எடுத்து, அதோடு பத்தைக் கூட்டி, அதோடு ஒன்பதைக் கூட்டித்தான் அங்கே போய்ச் சேருவார்களாம். அவர் சொன்னது தொண்ணூற்று ஒன்பதாயிரத்துச் சொச்சம். நான் விரல்விட்டு நாலு இருபதைக் கூட்டிக்கொண்டிருக்கும்போதே உள்ளேயிருந்து பங்கஜம் வந்துவிட்டாள். அவள் காதில் விழுந்தது "நாலு இருபது" மட்டும்தான்.

"என்னது, நானூத்தி இருபதா? நான் அப்பவே நெனச்சேன்! அந்தச் சங்கத்து ஆளு ஃபோர் ட்வென்டியா?" என்றாள்.

"மதாம், கேளுங்க, இது கணக்கு" என்று மொரீஸ் எழுந்தார். அவர் காலண்டர் தாளை நீட்டுவதற்குள் பங்கஜம் குடையை எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கிவிட்டாள். நான் சட்டையை மாட்டிக்கொண்டு பின்னால் ஓடினேன். சங்கத்தில் அன்று தவணை கட்டும் நாள், பதினைந்து பேர் வரிசையில் நிற்கிறார்கள். எல்லோருக்கும் முன்னால் போய் நின்று, "ஏங்க செல்லையன், உங்களையெல்லாம் நம்பிப் பத்திரத்தக் குடுத்தோமே, இப்படி நானூத்தி இருபது வேலை பாக்கலாமா? என் வீட்டுக்காரரு ஒண்ணுந் தெரியாத மனுசன், மாட்டாஸ்பத்திரில வேலை பாக்குறாரு" என்று ஆரம்பித்தாள். வரிசையில் நின்றவர்களில் பாதிப்பேர் தங்கள் பாஸ்புத்தகத்தைத் திறந்து பார்க்க ஆரம்பித்துவிட்டார்கள்.

செல்லையன் கோபித்துக்கொள்ளவில்லை. தண்ணீர் கொடுத்து பெஞ்சில் உட்காரவைத்தார். "டீச்சர், சங்கம் ஏமாத்தல. பத்திரத்துல பதினோரு சதவீதம்னு போட்டிருக்கு, சாரே கையெழுத்துப் போட்டிருக்காரு. மீதி இருக்கிற கடனுக்குத்தான் மாசாமாசம் வட்டி. கடன் பெருசா இருக்கிறவரைக்கும் வட்டியும் பெருசு, அசலுக்கு மிஞ்சுறது கொஞ்சம். அதனாலதான் இது நகரமாட்டேங்குது. உங்க கையில மொத்தமா ஏதாச்சும் இருக்கா?" என்று கேட்டார்.

பங்கஜம் என்னைப் பார்த்தாள். நான் சுவரைப் பார்த்தேன். மொசைக்குக்கு நாங்கள் கல்கூடப் பார்த்து வைத்திருந்தோம், வெள்ளையில் பச்சைப் புள்ளி. "எட்டாயிரம் இருக்கு" என்றாள் அவள்.

செல்லையன் ஒரு அட்டவணையை எடுத்துப் பத்து நிமிஷம் குறித்தார். "இன்னும் நூத்தி எண்பது மாசம் இருக்கு. இந்த எட்டாயிரத்த இப்ப அசல்ல கட்டிட்டு, மாசம் அதே நானூத்திப் பதிமூணைக் கட்டிட்டு வந்தீங்கன்னா, நூத்தி ஒம்பது மாசத்துல முடிஞ்சிரும். எழுபத்தோரு மாசம் குறையும். அந்த எழுபத்தோரு மாசத்துக்கு நீங்க கட்டவேண்டியிருந்தது இருபத்தொம்பதாயிரத்து முந்நூத்தி இருபத்துமூணு ரூவா."

எட்டாயிரம் கொடுத்தால் இருபத்தொன்பதாயிரம் கட்ட வேண்டாம்! அதாவது இருபத்தோராயிரத்துச் சொச்சம் லாபம். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. வரும் வழியில் அதைப் பங்கஜத்திடம் மூன்று தரம் சொன்னேன். "சரி, அந்த இருபத்தோராயிரம் எங்க?" என்று கேட்டாள். நான் யோசித்துப் பார்த்தேன். எங்கேயும் இல்லை. நம்மிடமும் இல்லை, சங்கத்திடமும் இன்னும் போய்ச் சேரவில்லை. இல்லாத பணத்தைக் கொடுக்காமல் இருந்ததால் வந்த லாபம். மொரீஸைக் கேட்டேன், அவர் காலண்டரில் இந்த மாதத்துத் தாள் தீர்ந்துவிட்டது என்றார்.

ஆகவே, மச்சான், தாங்கள் வீடு கட்ட வேண்டாம் என்றே அன்று எழுத உட்கார்ந்தேன். நாற்பதாயிரம் ரூபாய் வீடு ஒரு லட்ச ரூபாய் ஆகிறது. அதோடு கிணற்றுக்கு இரண்டாயிரத்து ஐந்நூறு, வீட்டு வரி, வருஷா வருஷம் வெள்ளையடிப்பு, உப்புக் காற்றில் மூன்று வருஷத்தில் இற்றுப்போன ஜன்னல் கம்பி, அதற்குப் பதில் போட்ட கம்பி, இப்போது அதுவும் இற்றுக்கொண்டிருக்கிறது, இதெல்லாம் சேர்த்தால் பிரெஞ்சுக்காரர்களாலும் சொல்ல முடியாத தொகை வருகிறது. இதை எழுதிப் பங்கஜத்திடம் படித்துக் காட்டினேன்.

"அண்ணனுக்குப் பாதியத்தான் எழுதியிருக்கீங்க" என்றாள். "நாம குடியிருந்த வீட்டுக்கு அப்ப வாடகை நூத்தி அம்பது. இப்ப அதே வீடு முந்நூத்தி இருபத்தஞ்சுக்கு ஓடுது. இன்னும் பதினஞ்சு வருஷத்துல என்னா ஆகும்? அத யாரு பெருக்குறது? மழை வந்தா பாத்திரத்த வச்சுட்டு ஒக்காந்திருந்தோமே, வீட்டுக்காரரு பொண்ணு கல்யாணம்னு ஒரு மாசத்துல காலி பண்ணச் சொன்னாரே, அத எந்தப் பக்கத்துல எழுதுவீங்க?"

எந்தப் பக்கத்தில் எழுதுவதென்று தெரியாததால் எழுதிய தாளைக் கிழித்துவிட்டேன். பிறகு, கட்டுங்கள் என்று ஒரு தாள் எழுதினேன். அதைப் படித்தால் மாதம் முந்நூற்று அறுபத்தாறு ரூபாய் அறுபத்தேழு காசு ஞாபகம் வந்து அதையும் கிழித்தேன். இது மூன்றாவது.

வியாழக்கிழமை இருவரும் லீவு போட்டுவிட்டுச் சங்கத்துக்குப் போனோம். எட்டாயிரத்தைப் பங்கஜம் தையல் பெட்டியில் நூல்கண்டுகளுக்கு அடியில் வைத்து எடுத்து வந்தாள். செல்லையன் இரண்டு தரம் எண்ணினார். அவர் எண்ணும்போது அவள் வாயும் கூடவே எண்ணிக்கொண்டிருந்தது. ரசீதில் அசல் என்று சிவப்பு மையில் எழுதிக் கொடுத்தார். வெளியே வந்ததும் அவள், "மொசைக்கு இல்லாட்டி என்னா, சிமெண்டு தரை சில்லுனு இருக்கும்" என்றாள். நான் ரசீதை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன். வீட்டுக்கு வந்து மறுபடி டேப் பிடித்தோம். நூற்று எழுபத்தைந்து சதுர அடி. அடுப்படியைத் தாண்டிக் கூடத்தில் சுவாமி படம் வரைக்கும் எங்கள் பங்கு வந்துவிட்டது. அன்று மத்தியானம் கூடத்தில் பாயை விரித்துக் காலை நீட்டி ஐந்து வருஷத்தில் முதல் தடவையாகச் சொந்த வீட்டில் தூங்கினேன்.

எனவே தாங்கள் கேட்ட கேள்விக்கு யோசித்து நான் சொல்லும் முடிவான பதில்: கடன் வாங்கவே வாங்காதீர்கள். குடும்பம் இல்லாத ஒற்றை ஆள், இந்த வயதில் எதற்கு இருபது வருஷச் சுமை? வாங்கித்தான் தீர வேண்டுமென்றால் முழுத் தொகையையும் பெருக்கிப் பார்த்துவிட்டு, ஒரு நாள் முழுக்கச் சும்மா இருந்துவிட்டு, அதற்கப்புறம் வாங்காதீர்கள். யாருக்கும் எந்தப் படிவத்திலும் கையெழுத்தும் போடாதீர்கள்.

தங்கள் தங்கை நமஸ்காரம் சொல்லச் சொன்னாள். மொரீஸும் அவர் மனைவி ஒர்த்தான்ஸ் அம்மாளும் விசாரித்ததாகச் சொன்னார்கள். மூட்டுக்கு நல்லெண்ணெய் தேய்த்து வெந்நீர் ஊற்றவும். எல்லா மங்களமும் தங்களுக்கு உண்டாக வேண்டும் என்று வேண்டும்,

தங்கள் அன்புள்ள,
குஞ்சிதபாதம்

பி.கு.: கடிதத்தை உறையில் போட்டுக்கொண்டிருக்கும்போது செல்லையன் வீடு தேடி வந்தார். மொத்தமாக எட்டாயிரம் கட்டியதில் எங்கள் கணக்கு சங்கத்திலேயே மிக நல்ல கணக்கு ஆகிவிட்டதாம், மாடி எழுப்பப் பதினைந்தாயிரம் வரை தாராளமாகத் தரலாமென்று தலைவரே சொல்லிவிட்டாராம். மாதம் நூற்று ஐம்பத்தைந்துதான். தாங்கள் திருச்சியில் கடன் வாங்கிக் கஷ்டப்படக் கூடாதே என்ற ஒரே எண்ணத்தில் தங்களுக்கென்று மாடியில் ஓர் அறை கட்ட நான் உடனே சம்மதித்துக் கையெழுத்துப் போட்டுவிட்டேன். ஜாமீன் படிவம் இத்துடன் வைத்திருக்கிறேன். தங்களுக்கு நாலு வருஷம் சர்வீஸ் இருப்பது போதுமாம். பென்சிலில் கோடு போட்ட மூன்று இடங்களிலும் கையெழுத்துப் போட்டு அனுப்பவும். ஜன்னலைக் கிழக்கே வைக்கவா தெற்கே வைக்கவா என்று தனியே ஒரு கார்டு போட்டால் போதும், கொத்தனார் செவ்வாய்க்கிழமை வருகிறார்.