மாமி மிதித்த பாட்டுகள்

மண்டைதீவு,
பங்குனி 2004.

கனடாக் குளிரோடு மல்லுக்கட்டும் அன்பு மருமகன் கிளின்ரனுக்கு மாமன் யாகப்பு எழுதுவது. இங்கே நான், உம்முடைய மாமி ஞானசவுந்தரி, ஆடுகள் எல்லாரும் மாதாவின் கிருபையால் சுகம். நீரும் அவ்வண்ணமே இருக்கச் செபிக்கிறோம்.

நிற்க, நீர் அனுப்பிய பாட்டுப் பெட்டியும் சீடித் தட்டுகளும் காதில் மாட்டுகிற சாமானும் கிடைத்தன. சோதனைச்சாவடியில் ஆமிக்காரன் திறந்து பார்த்தான். "இது சாதாரண சீடி இல்லை, பாட்டுக்காரன் எச்சில் விழுங்கினாலும் கேட்கிற சீடி" என்று நான் ஆங்கிலத்திலும் சிங்களத்திலும் மாறி மாறி விளக்க, அவன் எழும்பித் தான் இருந்த கதிரையைத் தந்தான். முழு முகாமும் கைதட்டியதை நீர் நம்பமாட்டீர், ஆகையால் எழுதவில்லை.

எழுபதுகளில் வந்த அந்த மெல்லிய ஆங்கிலப் பாட்டுகள் இந்தத் தீவில் முழுதாய் விளங்கியது எனக்கு மட்டும்தான் என்பது உமக்குத் தெரியும். கரண்ட் இல்லாத சண்டைக் காலத்திலும் நான் விடவில்லை. சைக்கிளை ஸ்ராண்டில் நிறுத்தி, டைனமோ வயரைக் கசெற் போடுகிற ரேப் றெக்கோடரில் கொழுவி, நான் சாய்ந்திருந்து கேட்பேன், மாமி மிதிப்பா. குசினியில் உலை கொதித்தால் கெதியாய் மிதிப்பா, பாட்டுக்காரன் அணில்மாதிரிக் கீச்சிடுவான். அவ களைத்தால் அவனுக்குத் தொண்டை கட்டும். மூச்சிரைப்பில் அவவின் காதில் ஒரு வரியும் விழுந்ததில்லை. ஆகவே "முதலில் மாமிதான் கேட்கவேணும்" என்று நீர் எழுதியதை முழுமனதோடு ஏற்று, மாட்டிவிட்டேன்.

மாமி அந்தச் சாமானைக் காதோடு அழுத்திப் பிடித்தா. பிறகு, காது அடைத்தவர்கள் கத்துவதுபோல, "இஞ்சேருங்கோ! இந்தாள் இவ்வளவு மெதுவா, ஆறுதலாவே பாடுறவர்?" என்றா.

"ஓமப்பா, நீர்தானே அவரைத் துரத்தினனீர்!"

வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்த பக்கத்து வீட்டுக் குருசுமுத்து, "அக்கா, உங்கட காலைப் பாருங்கோ, இன்னும் மிதிக்குது!" என்று சிரித்தான். உண்மைதான். நான் குனிந்து அந்தக் காலை இரண்டு கையாலும் பிடித்து நிறுத்தினேன். அவ கண்ணை மூடிக்கொண்டா.

அதன்பிறகு நானும் கேட்டேன். விரல் கிற்றார்க் கம்பியில் வழுக்குவதும், பாடுமுன் அவன் மூச்சு இழுப்பதும், பின்னால் ஆரோ கதிரையை இழுத்து அரக்குவதும், பழைய கசெற்றில் இல்லாத அவ்வளவும் எங்கள் விறாந்தையில் நடப்பதுபோலக் கேட்டது. நீர் செய்த நன்மைக்கு இந்தக் கடலளவு நன்றி.

உமக்கும் மருமகள் நிமலினிக்கும் எங்கள் ஆசீரும் முத்தங்களும்.

அன்பு மாமன்,
யாகப்பு

பி.கு.: நான் கேட்டதாக எழுதியது முழுக்க மாமி சொல்லச்சொல்ல எழுதியது. எனக்கு இன்னும் ஒரு பாட்டும் கிடைக்கவில்லை. கையை நீட்டினால், "நான் மிதிச்ச காலமளவுக்கு நீங்களும் பொறுங்கோ" என்கிறா. ஆனால் மருமகன், அவ சொல்லக் கேட்கிறதும் நல்லாத்தான் இருக்குது.