ஜன்னல் மூலை எல்லைத் தகராறு

கடல் எல்லைப் பேச்சுவார்த்தைக் குழுவின் மூத்த உறுப்பினரும், என் மனைவிக்கு ஒரே அண்ணனும் ஆகிய மதிப்பிற்குரிய மச்சான் அவர்களுக்கு,

உங்கள் தங்கை வீட்டுக்காரன் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் நலம், உங்கள் தங்கையும் நலம். ஒரே வீட்டுக்குள் தனித்தனியாக நலம். அங்கே நீங்களும் அக்காவும் சேர்ந்தே நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். அக்காவுக்கு மட்டும் எல்லைச் சட்டம் எதையும் சொல்லிக் கொடுத்துவிடாதீர்கள். பட்டவன் சொல்கிறேன்.

விவகாரம் உங்களுக்குத் தெரியும். என்றாலும் வழக்கு என்று வந்துவிட்டால் ஆதியிலிருந்துதானே சொல்ல வேண்டும்? வருகிற கப்பல்களில் ஏறி, தரை தட்டாமல் துறைமுகத்துக்குள் கூட்டி வரும் பைலட் வேலை எனக்கு. நில அளவை ஆபீசில் சர்வேயர் வேலை அவளுக்கு. அலை ஏறும் நேரம்தான் எனக்கு ஆபீஸ் நேரம் என்பதால், நான் வீடு திரும்பும்போது அவள் டேப்பும் தொப்பியுமாகக் கிளம்பிக்கொண்டிருப்பாள். வாசலில் சாவி கைமாறும். "வரேன்" என்பாள், "சரி" என்பேன். எங்கள் தாம்பத்தியப் பேச்சு அன்றைக்கு அவ்வளவுதான். இப்படியே காலம் ஓடி, ஒரே வருஷத்தில் இருவரும் ஓய்வு பெற்று, முதல் தடவையாகப் பகலில் வீட்டில் உட்கார்ந்தபோதுதான் தெரிந்தது, இந்த வீட்டில் நல்ல வெளிச்சம் வருவது முன்னறை ஜன்னல் மூலைக்கு மட்டும்தான் என்று. அங்கே என் கைநாற்காலியைப் போட்டுக்கொண்டு, தூரத்தில் வரும் கப்பல்களைப் பார்த்து, "திருப்புறான் பாரு, மாடு ஓட்டுற மாதிரி" என்று இப்போதைய பைலட்டுகளைத் திட்ட வேண்டும் என்பது என் ஆசை. அங்கே தையல் மெஷினைப் போட வேண்டும் என்பது அவள் ஆசை. நான் பல் துலக்கப் போன நேரத்தில் மெஷின் வந்துவிட்டது. அவள் குளிக்கப் போன நேரத்தில் நாற்காலி திரும்பி வந்துவிட்டது.

அதோடு விட்டிருந்தால் ஒரு நாள் அவளும் ஒரு நாள் நானும் என்று ஓடியிருக்கும். சும்மா இருந்த சங்கை ஊதிக் கெடுத்த கதையாக, உங்களுக்குப் போன் போட்டேன். அலை ஏறினால் ஒரு நாரை நிற்கக்கூட இடமில்லாத பாறைக்காக இத்தனை வருஷமாகப் பேசிக்கொண்டிருப்பவராயிற்றே, ஒரு மூலையைத் தீர்க்க மாட்டாரா என்று நினைத்தேன். நீங்களும் தொண்டையைச் செருமிக்கொண்டு, "நடுக்கோடு போடுங்க மாப்ளே. அவங்கவங்க கரையிலேர்ந்து சம தூரத்துல ஒரு கோடு. பிரச்சினை தீர்ந்தது" என்றீர்கள். கடலின் ஆழமெல்லாம் தெரிந்த நான், உங்கள் பேச்சைக் கேட்டு ஆழம் தெரியாமல் காலை விட்டேன்.

என் கரை நாற்காலி, அவள் கரை தையல் மெஷின். நடுவே சாக்பீஸ் கோடு. அளந்தது யார்? உங்கள் தங்கை. பிழை கண்டுபிடிக்க முடியுமா? மறுநாள் காலையில் பார்க்கிறேன், மெஷினுக்கு முன்னால் ஒரு முக்காலி, அதன் மேல் ஒரு பூந்தொட்டி. "இது என்ன?" என்றேன். "தீவு. என் கரையைச் சேர்ந்தது. இனிமே இங்கேர்ந்துதான் அளக்கணும்" என்று டேப்பை எடுத்துவிட்டாள். இடம் கொடுத்தால் மடம் பிடுங்குவது என்பது இதுதானே மச்சான்? எனக்கும் ரோஷம் இருக்காதா? செருப்பு ஸ்டாண்டைத் தூக்கி வந்து முன்னால் வைத்து, நானும் தீவு என்றேன். அவள் அசரவில்லை. "எப்பவும் தண்ணிக்கு மேலே நிக்கிறதுதான் தீவு. உங்க செருப்பு தினமும் வெளியே போயிட்டு வருது. இது தீவுல சேராது. அண்ணன்கிட்டக் கேட்டுட்டேன்" என்றாள். கேட்டுவிட்டாளாம்! இரண்டு கட்சிக்கும் ஒரே வக்கீலாக இருப்பது உங்கள் குழுவில் வழக்கமா, இல்லை எங்களுக்கு மட்டும் செய்த சலுகையா?

கோடு முன்னறையோடு நிற்கவில்லை. நிலம் என்றால் முழுசாக அளக்க வேண்டும் என்று வீடு முழுக்க இழுத்துவிட்டாள். சமையலறை அவளுக்கு, குளியலறையும் வாசலும் எனக்கு. மாடி வீட்டுப் பல் டாக்டர் ஏணி கேட்டு வந்தவர், கோட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு கால், இந்தப் பக்கம் ஒரு கால் என்று நின்று, அவள் கொடுத்த டீயையும் குடித்து, நான் கடையிலிருந்து வாங்கி வந்த டீயையும் குடித்து, ஏணியை மறந்துவிட்டுப் போய்விட்டார். நடுநிலை நாடு என்றால் வயிறு தாங்க வேண்டும் போலிருக்கிறது.

இப்போது என் நிலைமையைக் கேளுங்கள். அவள் எல்லை வழியாக நான் கடந்து போகலாம், நிற்கக் கூடாது. அன்றைக்குப் போகிற போக்கில் பிஸ்கட் டப்பாவில் கை வைத்தேன். "கடந்து போறவர் டப்பாவைத் திறந்தா அது அடுத்தவங்க கடல்ல மீன்பிடிப்பு" என்று பிடுங்கிக்கொண்டாள். ஒரு டம்ளர் தண்ணீர் வேண்டுமென்றாலும் கோட்டருகே நின்று, "வரலாமா?" என்று கேட்க வேண்டும்.

"எதுக்கு?"

"தண்ணி குடிக்க."

"காலையில குடிச்சீங்களே, அது என்னாச்சு?"

"காலையில குடிச்சா மத்தியானம் தாகம் எடுக்காதா?"

"கப்பல்ல தாகம் எடுத்தா யாரைக் கேப்பீங்க?"

இப்படி ஆரம்பித்து, மூடுபனியில் தொழிற்சாலைப் புகைபோக்கியைக் கலங்கரை விளக்கம் என்று நம்பி, அதற்கு மரியாதையாக வணக்கம் சொன்ன வெளிநாட்டுக் கேப்டன் கதையை நான் முழுசாகச் சொல்லி முடித்த பிறகுதான் தண்ணீர் வந்தது. கேட்டுவிட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறாள். இவள் இப்படிச் சிரிப்பாள் என்பதே எனக்குத் தெரியாது மச்சான். பதிலுக்கு அவள், வரப்பைத் தள்ளிப் போட்ட இரண்டு சகோதரர்கள், அளக்கப் போன அவளை ஆளுக்கொரு கையைப் பிடித்து இழுத்த கதையைச் சொன்னாள். தாகத்துக்குப் போனவன் மறுவேளைச் சாப்பாட்டு நேரம் வரை கோட்டில் நின்றேன். கால் வலி இன்னும் போகவில்லை.

நேற்றுவரை இதெல்லாம் வெறும் கேலி என்றுதான் நினைத்திருந்தேன். நேற்று அவள் பரணிலிருந்து பெரிய பெட்டியை இறக்கித் துடைத்துக்கொண்டிருந்தாள். "எங்கே?" என்றேன். "அண்ணன் வீட்டுக்குப் போயிட்டா உங்க கப்பலை நீங்க நிம்மதியாப் பாக்கலாம்ல" என்றாள். சிரித்துக்கொண்டே சொன்னாளா, கோபமாகச் சொன்னாளா, தெரியவில்லை. முகத்தைப் பார்த்துக் கண்டுபிடிக்கிற பழக்கம் எனக்கு இல்லாமல் போய்விட்டது. எனக்குப் பயமாக இருக்கிறது. இந்த வயதில் காலி வீட்டில் உட்கார்ந்து கப்பலைப் பார்த்து நான் என்ன செய்ய?

ஆகவே கேட்டுக்கொள்வது என்னவென்றால், நீங்கள் உடனே ஒரு தீர்ப்பு எழுதி அனுப்புங்கள். ஜன்னல் மூலை அவளுக்கே. நாற்காலியை எங்கே வேண்டுமானாலும் போட்டுக்கொள்கிறேன். கோட்டை நானே துடைத்துவிடுகிறேன். ஆனால் இது நான் தோற்றுப்போய்க் கேட்டது என்று தெரியக் கூடாது. சட்டப்படி உங்களுக்கே தோன்றியதுபோல், நாலு பெரிய வார்த்தை போட்டு எழுதுங்கள். அது உங்களுக்குக் கைவந்த கலையாயிற்றே.

அக்காவுக்கு என் வணக்கம். பிள்ளைகளுக்கு என் ஆசிகள். உங்கள் பாறை கரையாமல் நீடூழி வாழட்டும். அது இருக்கும் வரைக்கும்தானே உங்கள் வேலையும்.

இப்படிக்கு,
சமையலறைக்கு அந்நியனாகிவிட்ட
உங்கள் மாப்பிள்ளை

பின்குறிப்பு: அண்ணா, நான்தான். தபால்தலை என் எல்லையில இருக்கிற டிராயர்ல இருக்கு, கவரை மூடக்கூட மறந்துட்டு, ஒட்டித் தரச் சொல்லிக் கொடுத்தார். ஒட்டறதுக்கு முன்னாடி படிச்சுட்டேன். பெட்டியை இறக்கினது தைச்ச துணியைப் போட்டு வைக்கத்தான், நான் எங்கேயும் வரலை. அந்த மூலையும் எனக்கு வேண்டாம், சாயங்காலம் வெயில் கண்ணைக் குத்துது. ஆனா நீ மட்டும் தயவுசெஞ்சு தீர்ப்பு எழுதிடாதே. எனக்குச் சாதகமாவும் வேண்டாம், அவருக்குச் சாதகமாவும் வேண்டாம். கல்யாணமான நாள்லேர்ந்து இந்த மனுஷன் உப்பு பத்தலைன்னுகூட வாயத் திறந்து சொன்னதில்லை. இப்போ தினமும் இருபது தடவை வந்து "வரலாமா?"ன்னு கேக்குறார், வந்தா ஒரு கதை சொல்றார். கோட்டை அழிச்சுட்டா பேசாம உள்ளே வந்து தண்ணி குடிச்சுட்டுப் போயிடுவார். அதனால விசாரணையைத் தள்ளி வைச்சுக்கிட்டே இரு. இதோ, கோட்டுக்கு அந்தப் பக்கம் நின்னு தபால்தலை ஒட்டியாச்சான்னு கேக்குறார். கதை இருந்தாத்தான் தருவேன்னு சொல்லியிருக்கேன். யோசிச்சுக்கிட்டிருக்கார்.