மடிப்பெல்லாம் உள்ளே

"சாயங்காலம் வராங்க," என்றார் மாஸ்டர். "மேனேஜரும் அவர் சம்சாரமும். நான் டம்ப்ளிங் செய்யறதைக் கிட்ட உக்காந்து பாக்கணுமாம்."

மனைவி காய்ந்த துணிகளை மடித்துக்கொண்டிருந்தாள். கையிலிருந்த துண்டு அப்படியே நின்றது.

"யாரு செய்யறதை?"

"நான் செய்யறதை."

"நீங்க செய்வீங்களா?"

"ஆபீஸ்ல அப்படி ஒரு பேச்சு இருக்கு," என்றார், வேறு யாரோ கிளப்பிவிட்ட வதந்தியைப் போல.

கிளப்பிவிட்டவர் அவரேதான். பிளாஸ்டிக் வாளியும் துணி மாட்டும் க்ளிப்பும் செய்கிற தொழிற்சாலையில், தரச் சோதனைப் பிரிவில் அவருக்கு வேலை. வாளியின் கைப்பிடியை இழுத்துப் பார்த்து, அடியைத் தட்டிப் பார்த்து, தேறுமா தேறாதா என்று சொல்ல வேண்டும். வாராவாரம் மனைவி ஒரு டப்பா நிறைய சீன டம்ப்ளிங் கட்டிக்கொடுப்பாள். மெல்லிசான மாவுக்குள் கோழியும் முட்டைக்கோசும் வைத்து, ஓரத்தைக் குட்டிக் குட்டி மடிப்பாக மடித்து ஆவியில் வேகவைத்த பண்டம். ஒருநாள் பக்கத்து மேஜைக்காரர் ஒன்றை வாயில் போட்டுக்கொண்டு, "யாரு சார் செஞ்சது?" என்று கேட்க, "நான்தான்" என்று வாய் முந்திக்கொண்டது. அன்றைக்கு ஒட்டிக்கொண்ட பேர்தான் மாஸ்டர்.

அதற்குப் பிறகு பொய் தின்று கொழுத்தது. மாவு பிசைவதன் சூட்சுமத்தைப் பற்றிச் சாப்பாட்டு அறையில் பிரசங்கமே நடந்தது. பிரசங்கம் செய்தவருக்கு வீட்டு அடுப்பை எந்தப் பக்கம் திருகினால் எரியும் என்று தெரியாது.

மேனேஜரையும் விடவில்லை. "வாயைத் திறங்க சார்" என்று தன் கையாலேயே ஒன்றை ஊட்டிவிட்டார். மேனேஜர் மென்றார், பாதியில் நிறுத்தினார், டப்பாவிலிருந்து இன்னொன்றை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இந்த மடிப்பை எங்க கத்துக்கிட்டீங்க?"

"கத்துக்கறதா? தானா வர்றது சார். கைவாகு."

மேனேஜர் அதை டப்பாவிலேயே திரும்ப வைத்தார். ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வருவதாக மட்டும் சொன்னார்.

இது விளையாட்டுக் காரியம் இல்லை. பிரிவுத் தலைவர் நாற்காலி காலியாகக் கிடந்தது. அதில் யார் உட்காருவது என்று மேனேஜர் திங்கட்கிழமை சொல்லப்போகிறார். வாளியைத் தட்டித் தட்டி விரல் மரத்துப்போன மாஸ்டருக்கு அந்த நாற்காலி வேண்டும். ரொம்பவே வேண்டும்.

"ஒண்ணும் கவலை இல்ல," என்றார் மனைவியிடம். "நீ இப்பவே எல்லாத்தையும் செஞ்சு வெச்சிடு. அவங்க வந்ததும் கடைசி ரெண்டை நான் மடிக்கிற மாதிரி உக்காந்துக்கறேன்."

மனைவி துண்டை மடித்தாள். பிரித்தாள். மறுபடியும் மடித்தாள்.

"ஏங்க, அது நான் செஞ்சது இல்ல."

"எது?"

"டம்ப்ளிங்குதான். யாரோ ஒரு அம்மா வீட்டுலயே செஞ்சு விக்கிறாங்க. போன்ல சொன்னா பைக்ல ஆள் கொண்டுவந்து கொடுப்பான். நான் நம்ம டப்பாவுக்கு மாத்திடுவேன்."

மாஸ்டர் நெஞ்சில் கை வைத்துக்கொண்டார். "கட்டின புருஷன்கிட்டயே பொய்யா!"

"நீங்க ஆபீஸ்ல சொன்னது?"

"அது வேற. அது வெளியாளுங்ககிட்ட."

தர்க்கம் செய்ய நேரம் இல்லை. மனைவி அந்த அம்மாவுக்கு போன் போட்டாள். இரண்டு வார்த்தை பேசிவிட்டு வைத்தாள்.

"இன்னிக்கு ஆர்டர் எடுக்கலையாம்."

"சரி போகட்டும். வாளியையே கரைச்சுக் குடிச்சவனுக்கு ஒரு உருண்டை மாவு பெரிய விஷயமா?" என்று மாஸ்டர் சட்டைக் கையைச் சுருட்டிக்கொண்டு சமையலறைக்குள் இறங்கினார். போனில் ஓடிய வீடியோவில் ஒரு பெண் சிரித்த முகம் மாறாமல் மாவு பிசைந்து காட்டினாள். அவளுக்கு என்ன, அவள் வீட்டுக்கு மேனேஜர் வரவில்லை.

தண்ணீர் கூடிப்போனது. மாவு போட்டார். மாவு கூடிப்போனது. தண்ணீர் விட்டார். இந்தப் பஞ்சாயத்து முடிவதற்குள் பாத்திரம் போதாமல், மாவு ஒரு வாளிக்குக் குடிபெயர்ந்தது. தேறாது என்று தொழிற்சாலையில் அவரே ஒதுக்கித் தள்ளி, பிறகு அவரே வீட்டுக்குத் தூக்கிவந்த வாளி.

"தெருவுக்கே விருந்து வைக்கலாம் போலிருக்கே," என்றாள் மனைவி.

"பேசாம முட்டைக்கோசை நறுக்கு."

"மாஸ்டர் நீங்களா, நானா?"

நறுக்கிய முட்டைக்கோசை உப்புப் போட்டுப் பிழிய வேண்டும் என்று போன்காரி சொன்ன இடத்தை, அவசரத்தில் மாஸ்டர் தள்ளிவிட்டிருந்தார். உள்ளே வைத்த கோசு நின்று நிதானமாகத் தண்ணீர் விட்டது. மாவு நனைந்தது. இந்த ஓரத்தை மடித்து மூடினால் அந்த ஓரம் வாயைப் பிளந்தது.

மாஸ்டர் கொடிக்கயிற்றுக்கு ஓடினார். இரண்டு கையிலும் அள்ளிக்கொண்டு வந்த க்ளிப்புகளை, ஒவ்வொரு டம்ப்ளிங்கின் வாயிலும் மாட்டினார்.

"ஐயையோ, பிளாஸ்டிக்குங்க. அடுப்புல வெக்கப்போறீங்களா?"

"நம்ம கம்பெனி க்ளிப்பு. கொதிக்கிற தண்ணியிலகூட ஒண்ணும் ஆகாதுன்னு நானே கையெழுத்துப் போட்டிருக்கேன்."

"போட்டுப் பாத்தீங்களா?"

"கையெழுத்தா?"

"தண்ணியில."

மாஸ்டர் எல்லாவற்றையும் தட்டில் அடுக்கி, அடுப்பிலேற்றி மூடியைப் போட்டார்.

திறந்தபோது க்ளிப்புகள் எல்லாம் தலையைத் தொங்கப் போட்டிருந்தன. நீலச் சாயம் அங்கங்கே இறங்கியிருந்தது. தட்டில் எண்ணெய் தடவ மறந்ததால், டம்ப்ளிங்குகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு கூட்டுக் குடும்பமாகிவிட்டன. பிரிக்கப் பார்த்தார், சின்னாபின்னமானது. திரட்டி அமுக்கினார், ஒரே பிண்டமானது. கடைசிக் க்ளிப்பை மனைவி பிடுங்கி எடுக்கவும், வாசலில் மணி அடிக்கவும் சரியாக இருந்தது.

மேஜையில் இருந்த பிண்டத்தை மேனேஜர் பார்த்தார். சுற்றி வந்து இன்னொரு பக்கமும் பார்த்தார்.

"நீங்க செய்யறதைப் பாக்க வந்தோம். அதுக்குள்ள முடிச்சிட்டீங்களே?"

"உங்களைக் காக்க வெக்கலாமா, சார்?"

"ஆபீஸ்ல கொடுத்தது வேற மாதிரி இருந்ததே?"

"அது தினப்படிக்கு. இது விருந்தாளிங்களுக்கு மட்டும். மொத்தமா ஒரே டம்ப்ளிங், சார். குடும்பமா உக்காந்து வெட்டிச் சாப்பிடணும்."

"மடிப்பையே காணோம்?"

"மடிப்பெல்லாம் உள்ளே இருக்கு, சார்."

"இந்த நீலம்?"

"அலங்காரம்."

"மாவுக்கு வெந்நீரா, பச்சைத்தண்ணியா?"

"ரெண்டும் கலந்து. அதுதான் நம்ம ரகசியம்."

மேனேஜர் பக்தியோடு தலையாட்டினார். கரண்டியால் பிண்டத்தின் ஓரத்தைத் தொட்டார். கரண்டி ஒட்டிக்கொண்டது. அதை அப்படியே விட்டுவிட்டு நாற்காலியில் சாய்ந்தார்.

"பிரிவுத் தலைவரா வர்றவருக்கு முக்கியமா என்ன வேணும்னு நினைக்கிறீங்க, மாஸ்டர்?"

மாஸ்டர் சுருட்டிய சட்டைக் கையை இறக்கிவிட்டுக்கொண்டார். தலைவர் நாற்காலி எட்டிப் பிடிக்கும் தூரத்தில் இருந்தது. "உள்ளதை உள்ளபடி சொல்ற துணிச்சல், சார். பொருள் நம்மளோடதா இருந்தாலும் சரி, அடுத்தவனோடதா இருந்தாலும் சரி."

மனைவிக்குப் புரையேறியது.

மேனேஜர் பக்கத்தில் உட்கார்ந்திருந்த அவர் மனைவி எழுந்துபோய், அவள் தலையில் தட்டி, ஒரு டம்ளர் தண்ணீரை நீட்டினாள். பிறகு பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டு, ரொம்பப் பிரியமாகச் சொன்னாள்:

"தப்பா நினைக்காதீங்கம்மா. எங்க வீட்டுக்காரர் லீவு நாள் பூரா உக்காந்து ஒவ்வொண்ணா மடிச்சு, நான் போன்ல ஆர்டர் எடுத்து விக்கிற டம்ப்ளிங்கை, 'நான் செஞ்சது சார், வாயைத் திறங்க'ன்னு அவருக்கே ஊட்டிவிட்ட மகராசனை நேர்ல ஒரு தடவை பாத்துடணும்னுதான் நானும் கூட வந்தேன்."