சேஃப்டிக்கு எந்த ஊர் டிக்கெட்?

சவூதியில் இந்த யான்புவுக்குப் பிழைக்க வந்த அத்தனை பேரிலும், பார்த்தே இராத ஊருக்காக அழுத ஒரே ஆள் சேஃப்டிதான். எங்கள் எண்ணெய் ஆலை சைட்டில் பாதுகாப்பு அதிகாரி. அமெரிக்கர். ஆறடி உயரம், வேகவைத்த இறாலின் நிறம். பெயர் யார் வாயிலும் நுழையாததால் எல்லோருக்கும் சேஃப்டி. நான் டைம் ஆபீஸ் கிளார்க்; லீவு, டிக்கெட் எல்லாம் என் மேஜையில்தான்.

காலையில் ஹெல்மெட்டையும் பெல்ட்டையும் சோதித்து முடித்ததும் பாட ஆரம்பிப்பார். எல்லாம் அயர்லாந்துக்குத் திரும்பிப் போகிறவர்களின் பாட்டு. சாரம் கட்டும் செல்லையா அண்ணன், சிவகங்கைப் பக்கம், அர்த்தம் கேட்டார். எனக்குத் தெரிந்த இங்கிலீஷை வைத்துச் சொன்னேன். பல வருஷம் அமெரிக்காவில் உழைத்தவன் கப்பலில் ஊர் திரும்புகிறான். பச்சை மலை தெரிகிறது. தலை நரைத்த அம்மா வாசலில் நிற்கிறாள். ஊருக்குப் போய் மூன்று வருஷமாகியிருந்த அண்ணன் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அன்றிலிருந்து சேஃப்டி பாடினால் சாரத்தில் வேலை நின்றுவிடும். மேனேஜர் மெமோ கொடுத்தார், எனக்கு. ஏன் எனக்கு என்று இன்றுவரை புரியவில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை கேன்டீனில், சேஃப்டியின் அம்மா சௌக்கியமா என்று கேட்கச் சொன்னார் அண்ணன். பாஸ்டனில் சௌக்கியமாக இருக்கிறாள், இன்னும் கார் ஓட்டுகிறாள் என்றார் சேஃப்டி. அயர்லாந்தை விட்டுக் கப்பலேறியது அவருடைய தாத்தாவின் தாத்தாவாம். இவர் அங்கே போனதே இல்லை. பாட்டை எழுதியவரும் நியூயார்க்கில் உட்கார்ந்து எழுதியவர்தானாம், அவரும் போனதில்லையாம்.

"அப்ப ஊருக்குத் திரும்புறது யாரு தம்பி?" என்றார் அண்ணன்.

"தெரியலண்ணே."

"வாசல்ல நிக்கிற அம்மா?"

"அதுவும் தெரியலண்ணே."

சேஃப்டியிடமே கேட்டேன். தனக்கும் தெரியவில்லை என்றார். ஆனால் பாடும்போது நெஞ்சு அடைப்பது மட்டும் நிஜம் என்றார்.

அடுத்த லீவில் அயர்லாந்துக்குப் போய்த்தான் ஆகவேண்டும் என்று நாங்கள் எல்லோரும் பிடிவாதம் பிடித்தோம். மூன்று வாரத்துக்குப் போனவர் ஒன்பதாம் நாள் வந்து நின்றார். போன நாள் முதல் மழையாம். ஒரு மதுக்கடையில் உருகிப் பாடியிருக்கிறார். கேட்டவர்கள் மரியாதையாகக் கைதட்டிவிட்டு, அமெரிக்காவிலிருந்து வருகிறவர்கள்தான் இதைப் பாடுவார்கள், எங்களுக்கு வார்த்தைகூடத் தெரியாது என்றார்களாம். தங்கிய வீட்டுக்காரம்மா எந்த ஊர் என்று கேட்க, யோசிக்காமல் யான்பு என்று சொல்லிவிட்டாராம். சொன்ன பிறகு அவருக்கே குழப்பமாகிவிட்டது. அதைக் கேட்டு எங்களுக்கும்.

அடுத்த வருஷம் அவருடைய கான்ட்ராக்ட் முடிந்தது. ஃபைனல் எக்ஸிட், ஒரேயடியாக நாட்டை விட்டுக் கிளம்ப வேண்டியதுதான். சொந்த ஊருக்குக் கம்பெனி ஒருவழி டிக்கெட் கொடுக்கும். ஃபாரத்தில் மற்றதையெல்லாம் நிரப்பியவர், 'சொந்த ஊர்' என்ற கட்டத்தை மட்டும் காலியாக விட்டுவிட்டார். தினமும் வருவார், பேனாவைத் திறப்பார், மூடுவார், போய்விடுவார். நான்காம் நாள் பார்த்தால் விசா முடிய ஒரு வாரம்தான் இருந்தது. ஒரு பெரிய மனுஷர் இப்படி ஒரு சின்னக் கட்டத்தின் முன்னால் தலைகுனிந்து உட்கார்ந்திருப்பதைப் பார்க்கவும் சகிக்கவில்லை.

அண்ணனைக் கூட்டிவந்தேன். அவர் ஃபாரத்தைப் பார்க்கவே இல்லை.

"கார் ஓட்டுற அம்மா எங்க இருக்குதோ அந்த ஊரை எழுதச் சொல்லு தம்பி. அந்தம்மாதான் நிஜமா காத்துக்கிட்டு இருக்கும்."

மொழிபெயர்த்தேன். சேஃப்டி மூக்கை உறிஞ்சிக்கொண்டு, பாஸ்டன் என்று எழுதினார்.

இப்போது வெள்ளிக்கிழமை தவறாமல் வீடியோ காலில் வருகிறார். பின்னால் ஜன்னலில் பனி கொட்டுகிறது. யான்புவில் வெயில் எப்படி, புழுதி எப்படி என்று கேட்கிறார். கண்ணைத் திறக்க முடியவில்லை என்றால் அந்த முகம் அப்படி மலர்கிறது. காற்றே அசையாத நாளிலும் நான் கொஞ்சம் புழுதி சேர்த்துத்தான் சொல்கிறேன்.