பஞ்சர் நைனாவும் பாதிப் பூவும்

பஞ்சர் ஒட்டுவதற்கு முன்னால் வண்டிக்காரனின் கையை மோந்து பார்த்த மனிதர் உலகத்திலேயே ஒருவர்தான். எங்கள் பஞ்சர் நைனா.

திருவொற்றியூர் கடலோரச் சாலையில், கன்டெய்னர் லாரிகள் துறைமுகத்துக்கு வரிசைகட்டி நிற்கும் இடத்தில் அவர் கடை. அப்போது எனக்கு எண்ணூரில் வேலை. அந்தச் சாலையின் ஆணிகளுக்கு என் டயர் மேல் தனிப் பிரியம். அதனால் அடிக்கடி சந்திப்போம்.

அந்தமான் கப்பலில் வேலை பார்த்த தோஸ்து ஒருவர் கொடுத்த செடியை, நைனா கடைக்குப் பின்னால் பழைய லாரி டயருக்குள் மண் போட்டு நட்டிருந்தார். தீவுக் கடற்கரைகளில் தானாக வளரும் புதர் அது. உப்புக் காற்று, டீசல் புகை எதற்கும் அசராமல் மதமதவென்று வளர்ந்து, வெள்ளையாகப் பூக்கவும் தொடங்கியது. அங்கேதான் பேஜார். ஒவ்வொரு பூவுக்கும் ஒரு பக்கம்தான் இதழ். மறுபக்கம் யாரோ கிள்ளியெடுத்த மாதிரி மொட்டை.

"எவனோ பாதிப் பாதியா பிச்சிகினு பூடறான் சார்!"

"பிய்க்கிறவன் முழுசாவே பிய்ச்சிட்டுப் போகமாட்டானா நைனா?"

"அதான் சார் திமிரு!"

அன்றைக்கே விசாரணை ஆரம்பமாகிவிட்டது. யார் வண்டி வந்தாலும் முதலில் "கைய நீட்டு" என்பார். டிரைவர்கள் கையில் கிரீஸும் பீடியும்தான் மணந்தன. பக்கத்து டீக்கடை திலகாவையும் விடவில்லை. மோந்தால், பூ வாசனை! தொலைந்தது. சாமி படத்துக்கு அப்போதுதான் மல்லிகைச் சரம் போட்டேன் என்று அவள் சொல்லச் சொல்ல, அத்தனை டிரைவர்கள் முன்னால் "திருடி" என்றுவிட்டார்.

"இன்னொரு தபா என் கடைப்பக்கம் வந்தே, கொதிக்கிற பாலை மூஞ்சில ஊத்திடுவேன்!" என்றாள் திலகா.

சிரிக்க முடியாத சங்கதி என்னவென்றால், நைனாவுக்குப் பெண்டாட்டி பிள்ளை கிடையாது. சாப்பிட்டாயா என்று கேட்க இருந்த ஒரே ஜீவன் திலகாதான். இப்போது அதுவும் போச்சு. மனிதர் வீம்புக்குக் கடையைப் பூட்டிவிட்டு, ஒரு டீக்காகப் பஸ் ஏறி டோல்கேட் போய்வந்தார். ஆள் பாதியாக இளைத்துப் போனார். பார்க்கவே எனக்குச் சங்கடமாக இருந்தது.

கடைசியில், மொட்டு விட்ட கிளையொன்றை மீன்வலையால் சுற்றி இறுக்கித் தைத்துவிட்டார். மறுநாள் நான் வண்டியைத் தள்ளிக்கொண்டு போனபோது, செடிக்கு எதிரே தரையில் உட்கார்ந்திருந்தார்.

"வலைக்குள்ளயும் பாதிதான் சார் பூத்துகீது. அதுக்குப் பொறப்பே அப்டி." வலையின் தையலைப் பிரிக்கத் தொடங்கினார். "அந்தப் பொண்ண இன்னா பேச்சு பேசிட்டேன்!"

"அதை அவங்ககிட்டயே போய்ச் சொல்லுங்க."

"பால் கொதிச்சிகினு கீதே சார்?"

ஆனாலும் போனார். டீ குடித்துக்கொண்டிருந்த டிரைவர்களெல்லாம் கேட்க, "திலகா, பூவு பொறப்பே பாதிதான்மே. யாரும் பிய்க்கல. தப்பு என்னுது" என்றார்.

திலகா கிளாஸில் பாதி டீயை ஊற்றி நீட்டினாள்.

"இன்னாமே, பாதிதான் கீது?"

"அதுக்கும் பொறப்பே அப்டி. குடி."

கடையே சிரித்தது. நைனா கண் கலங்க அந்தப் பாதியைக் குடித்தார். வைத்த கிளாஸை வெடுக்கென்று எடுத்து, இந்த முறை விளிம்புவரை ஊற்றினாள்.

"டோல்கேட் டீ எப்டி இருந்துச்சு?"

"கலீஜு" என்றார் நைனா.

எனக்கு வேலை வேறு பக்கம் மாறிவிட்டது. இன்றும் அந்த வழியாகப் போனால், டயரில் காற்று சரியாகவே இருந்தாலும், இறங்கி நைனாவிடம் ஒருமுறை காற்றடித்துக்கொண்டுதான் வருகிறேன்.